ஒட்டிய தேதி

எங்கள் அலுவலகத்தில் எந்தக் கோப்பும் கெடு முடிவதற்கு ஒரு வாரம் முன்னால் கையெழுத்தாகி நான் பார்த்ததில்லை. முப்பத்து மூன்று வருடம் நில எடுப்புப் பிரிவில் குப்பை கொட்டியவள் சொல்கிறேன், நம்பலாம். பதினோரு மாதம் அந்தக் கோப்பு மேசைக்கு மேசை மாறித் தூங்கும். கடைசி மாதம் எல்லோருக்கும் காய்ச்சல் வந்துவிடும். ஆளாளுக்கு ஓடுவார்கள், காகிதம் பறக்கும், கெடு முடியும் நாளன்று சாயந்திரம் அதிகாரி கையெழுத்துப் போடுவார். அப்புறம் எல்லோரும் எதையோ வெட்டி முறித்த மாதிரி முகத்தைத் துடைத்துக்கொண்டு வீட்டுக்குப் போவோம்.

கெடு என்றால் என்ன என்று சொல்லிவிடுகிறேன். ஒரு இடத்தை அரசாங்கம் எடுத்துக்கொள்கிறது என்றால் முதலில் அறிவிப்பு வெளியிட வேண்டும். அன்றிலிருந்து பன்னிரண்டு மாதத்துக்குள், யாருடைய இடம் எவ்வளவு போகிறது, அதற்கு என்ன இழப்பீடு என்று அதிகாரி உத்தரவு போட்டுவிட வேண்டும். அந்த உத்தரவுக்கு எங்கள் பேச்சில் அவார்டு என்று பெயர். ஒரு நாள் தாண்டினாலும் போச்சு. அளந்தது, விசாரித்தது, எழுதியது எதுவும் செல்லாது, முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். அறிவிப்பை அரசிதழில் போட வேண்டும், இரண்டு செய்தித்தாளில் போட வேண்டும், அலுவலகப் பலகையிலும் அந்த இடத்துச் சுவரிலும் ஒட்ட வேண்டும். இதில் எது கடைசியாக நடந்ததோ அந்தத் தேதிதான் கணக்கு. அந்தத் தேதிகளைப் பதிவேட்டில் ஏற்றி, கெடு எப்போது என்று சிவப்பு மையில் எழுதி வைப்பது தலைமை எழுத்தரான என் வேலை.

மேம்பாலத்திலிருந்து இறங்கும் சாலைக்காக முப்பத்தோரு கட்டடங்கள் போக வேண்டியிருந்தது. அதில் பதினேழாவது என் அண்ணனுடையது.

பட்டியலைப் பார்த்த அன்றைக்கே அப்போதிருந்த அதிகாரியிடம் எழுதிக் கொடுத்தேன். இதில் என் கூடப் பிறந்தவருடைய வீடு இருக்கிறது, கோப்பை வேறு யாரிடமாவது கொடுங்கள் என்று. அவர் அதன் ஓரத்தில் 'பார்த்தேன்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு, கோப்பை என்னிடமே திருப்பி அனுப்பினார். வேறு யாரிடம் கொடுப்பார்? பிரிவில் இருப்பதே மூன்று பேர். ஒருத்தர் நீண்ட விடுப்பில், இன்னொருத்தருக்குக் கூட்டல் வராது.

அண்ணன் சாவி செய்கிறவர். பூட்டு ரிப்பேரும் பார்ப்பார். முன்னறை கடை, பின்னால் ஒரு அறை, சமையலறை, குளியலறை, அவ்வளவுதான் வீடு. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. கேட்டால், "எல்லாத்துக்கும் சாவி செஞ்சேன், அந்தப் பூட்டு மட்டும் சிக்கல" என்பார். பன்னிரண்டு வருடத்துக்கு முன்னால், நாற்பத்தெட்டு வயதில், கண்ணில் அழுத்தம் ஏறி இரண்டு கண்ணும் போய்விட்டன. டாக்டரிடம் போகச் சொல்லி நான் தலையால் தண்ணீர் குடித்துப் பார்த்தேன். கேட்டால்தானே.

கண் போன முதல் வருடம் அவர் பட்ட பாடு சொல்லி மாளாது. குளியலறை நிலை தாழ்வு. அதில் இடித்து இடித்து நெற்றியில் ஏழு தழும்பு. அடுப்பில் கை, ஆணியில் முழங்கால், அரத்தில் விரல். என்னோடு வந்து இருங்கள் என்று கெஞ்சினேன். வர மாட்டேன் என்றார். சுவரைத் தடவித் தடவி அந்த வீட்டைப் படித்தார். ஒரு வருடம் ஆயிற்று. அதற்கப்புறம் அவர் அந்த வீட்டுக்குள் நடப்பதைப் பார்த்தால் கண் தெரியாதவர் என்று சத்தியம் செய்தாலும் நம்ப மாட்டார்கள். அறுபது அரம் தொங்கும் பலகையில் வேண்டியதைக் கை நேராகப் போய் எடுக்கும். ஆனால் தெருமுனைக் கடைக்கு மேல் ஒரு அடி எடுத்து வைக்க மாட்டார். ஒருமுறை போனார். யாரோ கேபிளுக்காகத் தோண்டி மூடாமல் விட்ட குழியில் விழுந்து இடுப்பு பிசகியது. அதோடு சரி. எனக்கும் பஸ்ஸில் இருபது நிமிடம்தான், என் வீட்டுக்கு ஒரு தடவைகூட வந்ததில்லை.

அந்த வீடு போனால் அவருக்கு இன்னொரு தடவை கண் போகும். அறுபது வயதில் இன்னொரு ஏழு தழும்பு. ஆனாலும் கெடு இருபத்தேழாம் தேதி என்று சிவப்பு மையில் எழுதியவள் நான்தான்.

கெடுவுக்கு ஆறு நாள் இருக்கும்போது, ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், அவரிடம் சொல்லப் போனேன்.

"இந்த சனிக்கிழமை அவார்டு கையெழுத்தாகுதுண்ணா. சாமானெல்லாம் கட்ட ஆரம்பிக்கணும்."

"ம்." அவர் போனை நோண்டிக்கொண்டிருந்தார். "இரு, அந்த மாவு மில்காரர் பீரோ சாவியைத் தொலைச்சுட்டாராம். போன வருஷம் இதே மாசம்தான் செஞ்சு கொடுத்தேன். நம்பர் தேடுறேன்."

"நான் வீடு போகுதுன்னு சொல்றேன், நீங்க பீரோ சாவி தேடுறீங்க!"

"வீடு போறதுக்கு ஆறு நாள் இருக்கு. அந்த ஆளு பதினோரு மணிக்கே வந்துடுவாரு."

எழுதி வைக்க முடியாததால் அவர் எல்லாவற்றையும் போனில் பேசிப் பதிந்து வைப்பார். காலையில் கடை திறந்ததும் தேதியைச் சொல்வார். அப்புறம் வேலை வரும்போதெல்லாம் பட்டனை அழுத்திச் சாவி எண்ணையும் ஆளையும் சொல்வார். பழைய பதிவுகள் ஒவ்வொன்றாக ஓடின. "இன்னைக்கு ஏழாம் தேதி, சனி." "இன்னைக்கு ஒன்பதாம் தேதி, திங்கள். மாவு மில்காரர், பீரோ, நம்பர் நாலு ரெண்டு ஆறு..." அதன் நடுவில் இன்னொரு குரல் கேட்டது. "ஐயா, ஆபீஸ்லேர்ந்து வர்றேன். சுவத்துல நோட்டீஸ் ஒட்டியிருக்கேன். சாட்சிக்கு ஒரு கையெழுத்து வேணும். கையைக் கொடுங்க, இங்க, இந்தக் கோட்டு மேல. அவ்வளவுதான்யா, ரொம்ப நல்லா போட்டீங்க."

எங்கள் அலுவலகத்தில் நோட்டீஸ் ஒட்டுகிறவருடைய குரல். எல்லோரும் அவரைப் பசை என்று கூப்பிடுவோம்.

"திருப்பிப் போடுங்க," என்றேன்.

"நம்பர் கிடைச்சுடுச்சு."

"நம்பர் கிடக்கட்டும். திருப்பிப் போடுங்கண்ணா!"

மூன்று முறை கேட்டேன். ஒன்பதாம் தேதி, திங்கள். என் பதிவேட்டில் இருந்தது இருபத்தெட்டாம் தேதி. ஒட்டியதற்கான சாட்சிக் காகிதத்தில் அப்படித்தான் இருந்தது. எனக்கு உடனே புரிந்துவிட்டது, ஏனென்றால் பசை எப்படி வேலை செய்வார் என்பது எங்கள் அலுவலகத்தில் நாற்காலிகளுக்குக்கூடத் தெரியும். மாதம் முழுக்க வெயிலில் அலைந்து ஒட்டுவார். சாட்சிக் கையெழுத்து வாங்குவார். தேதிக்கான இடத்தை விட்டுவிடுவார். மாதக் கடைசியில் பயணப்படி கேட்டு எழுதும்போது எல்லாக் காகிதத்தையும் அடுக்கி வைத்து, ஒரே உட்காரலில் ஒரே தேதியைப் போட்டுக் கொடுத்துவிடுவார். முப்பது வருடமாக இதுதான் வழக்கம். யாரும் கேட்டதில்லை. கேட்டிருக்க வேண்டியவள் நான், நானும் கேட்டதில்லை. அது போதாதென்று, நோட்டீஸைப் பார்த்ததற்குச் சாட்சியாக ஒரு கண் தெரியாதவரிடம் கையெழுத்து வாங்கியிருக்கிறார். இந்தக் கூத்தை வேறு எந்த அலுவலகத்தில் பார்க்க முடியும்!

ஒரு சாலைக்கு உண்டான நோட்டீஸையெல்லாம் பசை ஒரே நாளில் ஒட்டி முடித்துவிடுவார். மற்ற அறிவிப்புகள் எல்லாம் ஏழாம் தேதிக்குள் முடிந்திருந்தன. அப்படியானால் கடைசித் தேதி ஒன்பது. நாங்கள் சனிக்கிழமை கையெழுத்துப் போடக் காத்திருந்த கோப்பு பன்னிரண்டு நாளுக்கு முன்பே செத்துவிட்டது. அது செத்தது எனக்கு மட்டும்தான் தெரியும்.

"என்ன சத்தத்தையே காணோம்?" என்றார் அண்ணன். "நீ பேசாம இருந்தா எனக்கு ஏதோ தப்பு நடக்கிற மாதிரி இருக்கு."

"ஒண்ணுமில்ல. அந்தப் பதிவை எனக்கு அனுப்புங்க."

திங்கட்கிழமை காலையில் பசையைத் தனியாகக் கூப்பிட்டேன். ஐம்பத்தொன்பது வயது, ஒல்லி உடம்பு, விரல் நகமெல்லாம் காய்ந்த பசை. ஓய்வு பெற ஐந்து மாதம் இருந்தது.

"போன வருஷம் மேம்பாலச் சாலைக்கு ஒட்டினீங்களே, எந்தத் தேதி?"

"காகிதத்துல இருக்குமேம்மா."

"காகிதத்தைக் கேக்கல. நீங்க போனது என்னைக்கு?"

தலையைச் சொறிந்தார். "பத்துத் தேதிக்குள்ள இருக்கும்மா. மாசக் கடைசில மொத்தமா எழுதினேன், எப்பவும் போல. ஏம்மா, ஏதாச்சும் பிரச்சனையா?"

"சும்மா கேட்டேன், போங்க."

சும்மா கேட்டேன் என்றேனே, அதை நினைத்தால் இன்றைக்கும் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருக்கிறது. என்ன நடக்கும் என்று எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தேதான் இருக்கைக்குப் போய் ஒரு பக்கத்துக்குக் குறிப்பு எழுதினேன். ஒட்டிய தேதி ஒன்பது என்று நம்பக் காரணம் இருக்கிறது, பதிவு இணைக்கப்பட்டுள்ளது, பதிவேட்டைச் சரிபார்க்காதது என் தவறு, கோப்பில் சம்பந்தப்பட்ட ஒருவர் என் அண்ணன். எல்லாவற்றையும் எழுதினேன். எழுதிவிட்டுக் கொஞ்ச நேரம் அதைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கிழித்துப் போட்டிருந்தால் யாருக்கும் தெரிந்திருக்காது. அண்ணன் போக வேண்டியிருக்கும், பசை ஓய்வு பெறும் நாளில் கழுத்தில் மாலையோடு வீட்டுக்குப் போயிருப்பார். நான் கிழிக்கவில்லை.

புது அதிகாரி சின்ன வயது. வந்து நான்கு மாதம்தான். குறிப்பை இரண்டு தடவை படித்தார்.

"உங்க அண்ணன் வீடுங்கிறதாலதான் இதைக் கொண்டு வந்தீங்களா?"

"ஆமா சார்."

இப்படி ஒரு பதிலை அவர் எதிர்பார்க்கவில்லை. நாற்காலியில் சாய்ந்தார்.

"வேற யாரோட வீடாவது இருந்தா?"

"வேற யாரோட வீடாவது இருந்தா எனக்குத் தெரிஞ்சிருக்காது சார்."

"கண்ணு தெரியாதவர் சொல்ற தேதியை யாரு ஏத்துப்பாங்க?"

"அவர் தேதியைப் பாக்கல சார், சொல்லியிருக்கார். அன்னைக்குக் காலைலயே சொல்லியிருக்கார். ஒட்டினவரோட குரலும் இருக்கு. நாளைக்கு முப்பத்தோரு பேர்ல யாராவது கோர்ட்டுக்குப் போனா, அப்ப பதில் சொல்லப் போறது நீங்கதான்."

அது வேலை செய்தது. சின்ன வயது அதிகாரிகளுக்கு நியாயம் புரியாவிட்டாலும் கோர்ட்டு புரியும். கோப்பு அரசு வக்கீலிடம் போயிற்று. மூன்றாம் நாள் இரண்டு வரியில் பதில் வந்தது. நடவடிக்கை காலாவதி ஆகிவிட்டது, புதிதாக ஆரம்பிக்கவும். துணிக்கடைக்காரர் ஒருவர் மாற்று இடமெல்லாம் பார்த்து வைத்திருந்தார் போல, அலுவலகத்துக்கே வந்து எங்கள் பரம்பரையை இழுத்துத் திட்டிவிட்டுப் போனார். திட்டட்டும் என்று கேட்டுக்கொண்டிருந்தேன்.

தண்டனை என்று வந்தால் எங்கள் அலுவலகம் கெடுவுக்கெல்லாம் காத்திருக்காது. எனக்கு விளக்கம் கேட்டு ஒரு மெமோ. பசை தற்காலிகப் பணிநீக்கம். பொய்த் தேதி போட்டு அரசுக்கு இழப்பு ஏற்படுத்தினார் என்று விசாரணை. அந்த விசாரணைக்குச் சட்டத்தில் பன்னிரண்டு மாதக் கெடு எதுவும் கிடையாது. ஓய்வு பெறும் நாள் வந்தது, ஓய்வு பெற விடவில்லை. மாலை இல்லை, ஓய்வூதியம் இல்லை. ஒருநாள் படிக்கட்டில் எதிரே வந்தார். திட்டுவார் என்று நின்றேன். "நல்லா இருக்கீங்களாம்மா?" என்று கேட்டுவிட்டு இறங்கிப் போனார். திட்டியிருக்கலாம்.

அண்ணனிடம், "ஆபீஸ்ல ஏதோ தேதிக் கோளாறு, ரத்தாயிடுச்சு" என்று மட்டும் சொன்னேன். அவருக்கு வந்த சந்தோஷம்! கட்டி வைத்த மூட்டையெல்லாம் பிரித்து அரங்களை ஒவ்வொன்றாகப் பலகையில் மாட்டினார். "உங்க ஆபீஸோட சோம்பேறித்தனத்துக்கு ஒரு கும்பிடு" என்றார். நானும் சிரித்தேன்.

எட்டு மாதம் கழித்துப் புது அறிவிப்பு வந்தது. அதே சாலை, அதே முப்பத்தோரு கட்டடம், அதே பதினேழு. பசையின் இடத்துக்கு ஆள் போடவில்லை. யார் ஒட்டுவது என்று பேச்சு வந்தபோது அதிகாரி என்னைப் பார்த்தார். தேதியில் அவ்வளவு அக்கறை உள்ளவரே போகட்டும் என்றார். பழி வாங்கினாரா, நம்பினாரா என்று தெரியவில்லை. பசை வாளியும் பிரஷும் எடுத்துக்கொண்டு ஆட்டோவில் போனேன். ஒவ்வொரு சுவராக ஒட்டினேன், அங்கேயே நின்று தேதி எழுதினேன், சாட்சி வாங்கினேன். பதினாறு முடிந்தது.

அண்ணன் கடைச் சுவரில் பிரஷ் பட்டதும் உள்ளே சாவி வெட்டும் இயந்திரம் நின்றது.

"யாரு?"

"நான்தாண்ணா."

"நீயா? நீ எதுக்குச் சுவத்தைத் தேய்க்கிற?"

"நோட்டீஸ். மறுபடியும் ஆரம்பிச்சுட்டாங்க. ஆனா இன்னும் முழுசா ஒரு வருஷம் இருக்கு, பயப்படாதீங்க."

பயப்பட்ட மாதிரித் தெரியவில்லை. வாசலுக்கு வந்து கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"அது சரி. அந்தப் பெரியவர் எங்க? அன்னைக்குக் கையைப் பிடிச்சுக் கையெழுத்து வாங்கினாரே. ஓய்வா?"

ஆமாம் என்று சொல்லியிருக்கலாம். ஒரு சொல். ஆனால் எட்டு மாதமாக நெஞ்சில் கிடந்தது அப்படியே வெளியே வந்துவிட்டது. பதிவில் தேதியைக் கேட்டது, குறிப்பு எழுதியது, அவருக்கு என்ன ஆகும் என்று தெரிந்தே எழுதியது, எல்லாவற்றையும் கையில் பிரஷோடு நின்றுகொண்டே சொன்னேன்.

அண்ணன் கதவிலிருந்து கையை எடுத்தார்.

"உண்மையைத்தானே எழுதினேன்," என்றேன்.

"எழுதின. எனக்காக எழுதின. எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டியா?"

"கேட்டா வேணாம்னு சொல்லியிருப்பீங்க."

"சொல்லியிருப்பேன்ல? அதான் கேக்கல." கோபம்தான் அவருக்கு. "இந்த வீட்டைக் கத்துக்க எனக்கு ஒரு வருஷம் ஆச்சு. இன்னொரு வீடுன்னா இன்னொரு வருஷம். இடிச்சுக்குவேன், விழுவேன், கத்துக்குவேன். அந்த மனுஷன் இந்த வயசுல சோத்துக்கு என்னத்தைப் புதுசா கத்துக்குவாரு? சொல்லு!"

பிரஷை வாளியில் போட்டேன். அழுகை வந்தது, வெட்கமாக இருந்தது. அவருக்கு அது கேட்டிருக்கும்.

"அழுறதை அப்புறம் அழு. அவர் வீடு எங்க?"

"பஸ் டிப்போவுக்குப் பின்னால. எதுக்கு?"

"அந்தப் பதிவு இன்னும் இருக்குல்ல? அதுல அவர் என்ன ஏமாத்தினாரு? ஒட்டினாரு, கையெழுத்து வாங்கினாரு, போனாரு. வேலையை நேரத்துக்குச் செஞ்சிருக்காரு, எழுத்துதான் லேட்டு. விசாரணைல வந்து இதை நான் சொல்றேன். சாட்சிக் கையெழுத்துப் போட்டவன் நான்தானே? சொல்லலாமான்னு முதல்ல அவரைக் கேக்கணும். கூட்டிட்டுப் போ."

"போன் பண்ணிக் கேக்கலாமேண்ணா. நீங்க எப்படி..."

"போன்ல கேக்குற விஷயமா இது?"

உள்ளே போய்ச் சட்டை மாற்றிக்கொண்டு வந்தார். என் வாளியை உள்ளே வைத்துக் கடையைப் பூட்டினார். என் முழங்கைக்கு மேலே பிடித்துக்கொண்டார், வலிக்கிற மாதிரி. ஆட்டோ கூப்பிடுகிறேன் என்றேன், வேண்டாம் என்றார். தெருமுனைக் கடைக்காரர் எங்களைப் பார்த்துவிட்டுக் கையிலிருந்த கிளாஸைக் கீழே வைத்தார். கடையைத் தாண்டினோம். அந்தப் பக்கம் மண் ரோடு, வண்டிச் சத்தம், என்னவென்று தெரியாத பள்ளங்கள். அண்ணனுடைய உள்ளங்கை என் கையில் ஈரமாக இருந்தது.

"எதையாவது பேசிக்கிட்டே வா," என்றார். "சத்தம் இல்லன்னா எனக்கு நடக்க வரல."

எனக்கா பேச்சு வராது! அன்றைக்கு வரவில்லை. இன்னொரு கையில் மீதி நோட்டீஸ்கள் இருந்தன. மேலே இருந்ததை எடுத்து, முதல் வரியிலிருந்து கடகடவென்று படிக்க ஆரம்பித்தேன். கீழ்க்கண்ட அட்டவணையில் உள்ள நிலங்கள் பொது நோக்கத்துக்காகத் தேவைப்படுவதால்...

அண்ணன் ஒரு காலை முன்னால் வைத்துத் தரையை அழுத்திப் பார்த்தார். அப்புறம் அடுத்த காலை எடுத்தார்.

"மெதுவாப் படி," என்றார். "அதான் ஒரு வருஷம் இருக்குல்ல."